சுவருக்கு அந்தப் பக்கத்து மூச்சு

அம்மாவின் மூச்சு இன்று அவளுக்காகக் காத்திருந்தது.

முதலில் அவள் கவனிக்கவில்லை. தட்டுவதற்குக் கம்பியைத் தூக்கியபோது தோளில் சுளுக்குப் பிடித்தது. தூக்கிய கையோடு அப்படியே நின்றாள். சுவருக்கு அந்தப் பக்கம், பாதி இழுத்திருந்த அம்மாவின் மூச்சும் அப்படியே நின்றது. அவள் தோளை நீவிவிட்டுக்கொண்டு கம்பியை இறக்கினாள். இரும்புத் தகடு கணீரென்றது. அம்மா மிச்ச மூச்சை இழுத்து முடித்தாள்.

தற்செயல் என்று நினைத்துக்கொண்டாள். வேறு எதையும் நினைக்க அந்த அறை வசதியான இடம் இல்லை.

சலவைக்கூடத்தின் முரல் அறை அது. வட்டமான அறை, நடுவில் ஓர் ஆள் இறங்கி நிற்கும் ஆழத்துக்குக் குழி, குழிக்குள் முரல். எட்டிப் பார்த்தால் பெரிதாக ஒன்றும் தெரியாது. வெயிலில் காய்ந்த கல்தரைக்கு மேல் காற்று நெளியுமே, அந்த மாதிரி ஒரு நெளிவு. முரல் கண்ணுக்கானது இல்லை. வாயை மூடிக்கொண்டு ஒரு கூட்டமே முனகுவது போன்ற அதன் சத்தம் காதுக்கு வருவதற்கு முன்பே பல்லுக்கும் முழங்காலுக்கும் வந்துவிடும். குழிக்கு மேலே தொங்கும் தண்டை அது சுற்றியது. தண்டு பட்டைகளைச் சுற்றியது. பட்டைகள் அடுத்த கூடத்தில் துணி துவைக்கும் உருளைகளைச் சுற்றின. தெருவிளக்கு, வீட்டு விளக்கு எல்லாம் அதிலிருந்துதான்.

எந்தக் காலத்திலோ சிலர் அந்தக் குழியைச் சுற்றி நின்று ஒரே சுருதியில் முனகி அதை எழுப்பிவிட்டுப் போனார்களாம். அதன் பிறகு விறகு போடவில்லை, எண்ணெய் ஊற்றவில்லை. தன் சத்தத்தைத் தானே கேட்கும், கேட்டதைத் திரும்ப முனகும், முனகியதை மறுபடி கேட்கும், அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. கல்லூரிப் புத்தகத்தில் அதைப் பற்றி ஒரு வரி உண்டு: முரல் எதையும் உண்பதில்லை. அவள் அந்த வரியைத் தேர்வில் எழுதி முழு மதிப்பெண் வாங்கியிருக்கிறாள். அதைப் புத்தகத்தில் எழுதிய மகராசன் முரல் அறைச் சுவரில் முதுகைச் சாய்த்து ஒரு நாளாவது தூங்கியிருக்க மாட்டான்.

அவள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். படித்து முடித்து வேலை கேட்டுப் போனபோது மேஸ்திரி ஏற இறங்கப் பார்த்தார். "முரலைப் பத்திதானே படிச்சிருக்க? அப்ப உள்ள போய்த் தட்டு" என்று கம்பியை நீட்டினார். சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். அவளும் வாங்கிக்கொண்டாள். வேறு என்ன செய்ய?

தட்டுக்காரியின் வேலை, தப்பாகத் தட்டுவது. முரலுக்குச் சீரான சத்தம் கேட்டால் போதும், கவ்விக்கொள்ளும். கவ்வியதை விடாது. அதோடு சேர்ந்து பெருத்துக்கொண்டே போகும். அதனால் குழியின் விளிம்பில் பதித்த இரும்புத் தகட்டைத் தாறுமாறாகத் தட்டி, எந்நேரமும் அதைக் கலைத்துக்கொண்டே இருக்க வேண்டும். கேட்பவர்களுக்கு விளையாட்டாகத் தெரியும். சீரில்லாமல் இருப்பதைப் போன்ற சிரமம் உலகத்திலேயே கிடையாது. கொஞ்சம் அசந்தால் கை தானாகத் தாளத்துக்கு ஓடிவிடும். கூடத்தை ஒட்டிய வரிசை வீடுகளில் தொட்டில் ஆட்டுகிறவர்கள்கூட இரண்டு ஆட்டு ஆட்டி, நிறுத்தி, மூக்கைச் சிந்தி, பிறகுதான் மறுபடி ஆட்டுவார்கள். தட்டுக்காரிகளுக்கோ நடையே கோணிப் போகும். அவளுடைய அண்ணன் அதைப் பார்த்து "கோணல்" என்று கூப்பிட ஆரம்பித்தான். அதுவே பெயராக நின்றுவிட்டது.

கை தாளத்துக்குப் போகாமல் இருக்கத் தட்டுக்காரிகள் எல்லோரும் வெளியில் ஒரு பிடி வைத்திருப்பார்கள். தெருவில் போகிறவர்களின் காலடி, ஓட்டின் மேல் பறவைகளின் சண்டை, ஏதோ ஒன்று. அது எப்போது வருகிறதோ அப்போது தட்டினால் போதும், சீர் விழாது. கோணலுக்கு அம்மாவின் மூச்சுதான் பிடி.

அவர்கள் வீட்டுக்கும் முரல் அறைக்கும் ஒரே சுவர். குளிருக்கு அடக்கமாக இருக்கும் என்று சொல்லி அந்த வீட்டைக் கொடுத்திருந்தார்கள். முதலாளியின் வீடு ஊருக்கு அந்தக் கோடியில், மேட்டின் மேல் இருந்தது. அவருக்குக் குளிர் பழக்கம் போலிருக்கிறது. கூடத்தில் துணி ஊறும் காரநீர்த் தொட்டிகளின் ஆவியில் நின்று நின்று அம்மாவின் நெஞ்சு வெந்து போயிருந்தது. படுக்கையில் விழுந்த பிறகு அவளுடைய மூச்சு இரண்டு முறை குட்டையாக வரும், ஒரு முறை நீளமாக வரும், பிறகு ஒன்றுமே இருக்காது, பிறகு தண்ணீருக்குள் அமுங்கி எழுந்தவளைப் போல ஓர் இழுப்பு. ஒரு நாள் இருந்த மாதிரி மறுநாள் இருக்காது. அதைவிடத் தாறுமாறான ஒன்றைக் கோணல் கேட்டதில்லை. ஒவ்வோர் இழுப்புக்கும் ஒரு தட்டு. வேலையும் நடந்தது, அம்மா இருக்கிறாள் என்பதும் தெரிந்தது. அது நிற்கக் கூடாது. கோணலுக்கு இந்த உலகத்திடம் கேட்பதற்கு இருந்தது அது ஒன்றுதான்.

இப்போது அவள் கம்பியைத் தூக்கி, வேண்டுமென்றே இறக்காமல் நின்றாள்.

அந்தப் பக்கம் சத்தமில்லை.

முரல் முனகியது. பட்டைகள் சரசரத்தன. ஈரத்துணியின் புளித்த வாடையும் காரநீரின் எரிச்சலும் கலந்த காற்று மூக்கில் ஏறியது. அந்தப் பக்கம் சத்தமில்லை. அவளுடைய அக்குளில் வேர்வை வழிந்தது.

தட்டினாள். அம்மா இழுத்தாள்.

உடனே இன்னொன்று தட்டினாள். உடனே இன்னோர் இழுப்பு.

கம்பியைத் தரையில் போட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினாள். நன்றாகக் கலைத்த முரல் கொஞ்ச நேரம் தாங்கும்.

வெளியே பொழுது சாய்ந்து விளக்குகள் ஏறியிருந்தன. அண்ணன் அம்மாவின் கட்டிலை ஒட்டித் தரையில் உட்கார்ந்து, அறுந்துபோன பட்டை ஒன்றுக்கு ஒட்டுப் போட்டுக்கொண்டிருந்தான். பட்டைக்காரன் அவன், வேலை நேரம் முடிந்தாலும் வேலை முடியாது.

"என்னடி பாதியில எந்திரிச்சு வந்துட்ட? மேஸ்திரி பாத்தாருன்னா உன்னையத் தொட்டியில முக்கிப் புழிஞ்சிருவாரு."

"அம்மா எப்படிண்ணா இருக்கு?"

"இழுக்குது. எப்பவும் போலதான்."

"எப்பவும் போலவா? நல்லாப் பாத்தியா?"

அவன் ஊசியை நிறுத்தி அம்மாவைப் பார்த்தான். "இப்பக் கொஞ்சம் கம்மி. உன் மூஞ்சியப் பாத்ததும் சீக்கு பயந்துருச்சு போல."

அம்மா சுவர்ப் பக்கமாகத் திரும்பிப் படுத்திருந்தாள். உள்ளங்கையைச் சுவரின் மேல் பரப்பி வைத்திருந்தாள், அடுப்பின் மேல் சூடு பார்க்கிறவளைப் போல. கோணல் அந்தக் கையை எடுத்துப் போர்வைக்குள் வைத்தாள். கை தானாக நழுவி மறுபடியும் சுவருக்குப் போனது. அம்மாவின் உதடு நீலமாக இருந்தது. நெஞ்சுக்கூடு மேலே எழும்பி, அங்கேயே நின்று, நடுங்கி, பிறகு சரிந்தது. இத்தனை நாளாக இதைப் பார்த்துக்கொண்டுதான் சாப்பிட்டார்கள், தூங்கினார்கள்.

"ராத்திரியெல்லாம் ஒரு பொட்டுத் தூக்கம் இல்ல" என்றான் அண்ணன், ஊசியைப் பார்த்துக்கொண்டே. "கண்ண மூடினா மூச்சு நின்னுரும்னு பயம் அதுக்கு. ஒரு தடவை, ஒரே ஒரு தடவை நிம்மதியாத் தூங்கிட்டாப் போதும்."

அவன் அதைச் சொல்லியிருக்காவிட்டால் அவள் செய்திருக்க மாட்டாளோ என்னவோ.

முரல் அறைக்குத் திரும்பினாள். கம்பியை எடுத்தாள். இந்த அறைக்கு அம்மா தன் நெஞ்சையே கொடுத்துவிட்டாள், ஒரு ராத்திரித் தூக்கத்தைத் திருப்பிக் கொடுத்தால் இது ஒன்றும் குறைந்து போய்விடாது என்று நினைத்தாள். என்ன செய்கிறோம் என்று அவளுக்குத் தெரியாமல் இல்லை. ஊரிலேயே அவளுக்குத்தான் நன்றாகத் தெரியும். தெரிந்தேதான் தட்டினாள்.

மெதுவாக. சீராக. வேலைக்கு வந்த நாளிலிருந்து கை கெஞ்சிக் கேட்டுக்கொண்டிருந்த அந்தத் தாளத்தை அதற்குக் கொடுத்தாள். ஒரு தட்டுக்கு உள்ளே. ஒரு தட்டுக்கு வெளியே. சுவருக்கு அந்தப் பக்கம், இருமலும் கரகரப்பும் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்து, நீளமான மெத்தென்ற மூச்சு வர ஆரம்பித்தது. கோணலின் கண் நிறைந்தது. கை நிற்கவில்லை. உள்ளே. வெளியே.

"கோணல்," சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அண்ணனின் குரல், உடைந்து வந்தது. "அம்மா தூங்குதுடி."

குழிக்குள் நெளிவு அடர்ந்தது. முனகல் தாழ்ந்து, தடித்து, அறையின் கற்களுக்குள் இறங்கியது. மேலே விளக்கு பளீரென்று எரிந்தது. மேஸ்திரி கதவருகில் தலையை நீட்டினார்.

"என்னம்மா படிச்சவளே, இன்னைக்கு உருளையெல்லாம் பறக்குது? என்ன பண்ணின?"

"ஒண்ணும் பண்ணலைங்க."

"ஒண்ணும் பண்ணாமயே இப்படின்னா தெனமும் அதையே பண்ணு" என்று சிரித்துக்கொண்டே போய்விட்டார். நின்று ஒரு நிமிடம் காது கொடுத்துக் கேட்டிருந்தால் அவருக்கே தெரிந்திருக்கும். உருளை பறந்தால் அவருக்குப் போதும்.

கை ஓய்ந்தபோது அவள் கம்பியைச் சுவரில் சாய்த்தாள். அம்மாவின் மூச்சு நிற்கவில்லை. தட்டு இல்லாமலே அதே சீரில் போய்க்கொண்டிருந்தது. உள்ளே. வெளியே. உள்ளே. முரலின் முனகலும் அதோடு ஏறி, அதோடு இறங்கியது. எது எதைப் பின்தொடர்கிறது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை.

வீட்டுக்குப் போனபோது அம்மா தூங்கவில்லை.

அண்ணன் கட்டிலின் காலில் தலை சாய்த்துக் கண்ணயர்ந்திருந்தான். அம்மாவின் கண் மட்டும் திறந்திருந்தது. அது கோணலைக் கண்டதும் அகலமாக விரிந்தது. வாய் ஏதோ சொல்ல எழும்பியது. எழும்பிய சொல்லுக்கு நடுவில் மூச்சு உள்ளே போனது. மறுபடி எழும்பியது. மூச்சு வெளியே வந்தது. சொல் அதற்கு முன்னாலும் வர முடியவில்லை, பின்னாலும் வர முடியவில்லை. தொண்டைக்குள் ஓர் இருமல் ஏறி வருவது வெளியிலிருந்தே தெரிந்தது; மூச்சு அதன் மேல் ஏறி மிதித்துக்கொண்டு போனது. சளி தொண்டையில் கொப்பளித்தது. எச்சிலை விழுங்கக்கூட அவளுக்கு ஓர் இடைவெளி இல்லை. வாயோரமாக வழிந்து தலையணை நனைந்திருந்தது.

"அம்மா, நான்தாம்மா. சொல்லும்மா."

அம்மா அவளுடைய மணிக்கட்டைப் பிடித்தாள். நகம் இறங்கியது. வெளியே வந்த ஒரு மூச்சில் ஒரு சொல். அடுத்ததில் ஒரு சொல்.

"இது."

உள்ளே.

"என்."

உள்ளே.

"மூச்சு."

உள்ளே.

"இல்லடி."

எப்படி முரல் அறைக்குத் திரும்பினோம் என்பது கோணலுக்கு நினைவில்லை. கம்பி கையில் இருந்தது. தட்டினாள். தப்பும் தவறுமாக, வெறிபிடித்தவளைப் போல, தனக்குத் தெரிந்த அத்தனை கோணலையும் சேர்த்து அந்தத் தகட்டில் அடித்தாள். முனகல் கிழிந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு விக்கல். கட்டில் தரையில் உதைபடும் சத்தம். தொண்டை அடைபடும் சத்தம்.

"ஏய் கோணல், என்னடி பண்ற?" அண்ணன் சுவரைக் கையால் அடித்தான். "அம்மாவுக்கு மூச்சு அடைக்குது. நிறுத்து. நிறுத்துடி, உன் கால்ல விழுறேன்."

நிறுத்தினாள். மூச்சு திரும்பி வந்தது. உள்ளே. வெளியே.

அம்மா கேட்டது விடுதலை. அண்ணன் கேட்டது உயிர். கம்பி அவள் கையில். மறுபடி ஓங்கினாள். மறுபடி அந்த விக்கல், மறுபடி கட்டிலின் உதை, மறுபடி அண்ணனின் அழுகை. கை இறங்கிவிட்டது. பெற்றவளைத் தன் கையால் அடிப்பது போல இருந்தது. இருந்தது என்ன, அதேதான்.

விளிம்பில் உட்கார்ந்து அழுதாள். மூச்சு போய்க்கொண்டிருந்தது. அழுது முடித்தும் போய்க்கொண்டிருந்தது. பொழுது எவ்வளவு போனதென்று தெரியவில்லை. உருளைகள் கூடத்தில் ஏறி இறங்கி உறுமிக்கொண்டிருந்தன.

அவள் எழுந்து மறுபடி வீட்டுக்குப் போனபோது அண்ணனின் முகம் மலர்ந்திருந்தது. அம்மாவின் நெற்றியில் கை வைத்திருந்தான்.

"காய்ச்சல் விட்டுருச்சு பாரு. உடம்பு சில்லுன்னு இருக்கு."

கோணல் வாசலிலேயே நின்றாள்.

"வந்து தொட்டுப் பாரு. சுடவே இல்ல. மூச்சப் பாத்தியா, கைக்குழந்தை மாதிரி. எத்தனை நாளாச்சு இப்படிப் பாத்து."

அவள் கிட்டே போனாள். அம்மாவின் கண் திறந்திருந்தது. இப்போது அது யாரையும் பார்க்கவில்லை. நீர்ப்பசை வற்றி, மேலே மெல்லிய ஆடை படிந்திருந்தது. தாடை தொங்கியிருந்தது. சுவரில் பரப்பி வைத்திருந்த கை விறைத்துச் சுவரிலேயே நின்றது. விரல்களைப் பிரிக்கப் பார்த்தாள், மடங்கவில்லை. மார்பு ஏறியது. மார்பு இறங்கியது.

"அண்ணா," என்றாள். "அம்மா போயிருச்சுண்ணா."

"லூசா நீ? மூச்சு விடுதுல்ல."

"அது அம்மா விடலைண்ணா."

"மூச்சு விடுதுடி." அவன் அதற்கு மேல் எதையும் கேட்கத் தயாராக இல்லை. அம்மாவின் தலையைத் தூக்கி வாயில் வெந்நீர் புகட்டினான். நீர் உள்ளே போனது. மூச்சோடு வெளியே வந்தது. கழுத்தைத் துடைத்துவிட்டு மறுபடி புகட்டினான்.

அதைப் பார்த்த பிறகுதான் அவள் முடிவு செய்தாள்.

கூடத்தில் கம்பளிகள் இருந்தன. தொட்டியில் ஊறி, பிழியாமல், ஆளைவிடக் கனமாகக் குவிந்து கிடந்த கம்பளிகள். கம்பளிக் குவியலுக்குப் பக்கத்தில் நின்று பேசினால் பேசுகிறவளுக்கே தன் குரல் கேட்காது. சலவைக்காரிகள் அங்கே நின்றுதான் மேஸ்திரியைத் திட்டுவார்கள். முரல் தன் சத்தத்தைத் தானே கேட்காமல் போனால்? அவள் ஒன்றை இழுத்துக்கொண்டு வந்து குழிக்குள் தள்ளினாள். இன்னொன்று. காரநீர் கையைப் பொசுக்கியது. இன்னொன்று. இடுப்பு விட்டுப்போனது. முனகல் அமுங்கியது, கரகரத்தது, தரையோரமாகத் தேய்ந்தது. மேஸ்திரி எங்கிருந்தோ கத்திக்கொண்டு ஓடி வந்தார். அவள் கதவைத் தாழிட்டுவிட்டுக் கடைசிக் கம்பளியைக் காலால் உதைத்து உள்ளே தள்ளினாள்.

தண்டு நின்றது.

பட்டைகள் தொய்ந்தன. உருளைகள் ஒவ்வொன்றாகத் தடுமாறி ஓய்ந்தன. விளக்கு சிவந்து, சுருங்கி, அணைந்தது. கதவிடுக்கின் வழியாகத் தெருவும் அணைவது தெரிந்தது. வீடு வீடாக. மேடு வரைக்கும்.

இருட்டு.

பிறந்ததிலிருந்து கேட்டு வந்த சத்தம் நின்றதும் அவளுக்குக் காது வலித்தது. இவ்வளவு பெரிய அமைதி உலகத்தில் இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது. கதவுக்கு வெளியே மேஸ்திரிகூட வாயடைத்துப் போயிருந்தார். ஈரக் கம்பளிகளின் மேல் கையூன்றி, தலை குனிந்து, அவள் காது கொடுத்தாள். அம்மாவை அனுப்பிவைத்துவிட்டோம் என்று தெரிந்துகொள்ள. அது ஒன்றுதான் பாக்கி.

சுவருக்கு அந்தப் பக்கம்.

உள்ளே.

வெளியே.

அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டாள். தன்னுடையதாக இருக்கலாம். இல்லை. முரல் செத்துவிட்டது. தட்டு இல்லை. குழி இல்லை. எதுவும் இல்லாமல், தன்னைத் தானே கேட்டுக்கொண்டு, கேட்டதைத் திரும்ப இழுத்துக்கொண்டு.

உள்ளே. வெளியே.

கைக்கு அடியில் கம்பளி அசைந்தது. மேலே எழும்பியது. தணிந்தது. மறுபடி எழும்பியது.

தலைக்கு மேல் தண்டு கிரீச்சிட்டது.

விளக்கு ஏறியது. இறங்கியது. ஏறியது.

வெளியே மேஸ்திரி கை தட்டினார். "வந்துருச்சு, வந்துருச்சு. யாரும் எதையும் தொடாதீங்க, அப்படியே ஓடட்டும்."

அவள் தாழ்ப்பாளை நீக்கிக்கொண்டு, அவரைத் தாண்டி, தெருவில் இறங்கி நடந்தாள். எல்லா ஜன்னலும் ஒன்றாக வெளுத்தன, ஒன்றாக மங்கின. மேட்டு வீட்டிலும். வீட்டு வாசலை அடைந்தாள். உள்ளே அண்ணன் அம்மாவின் பக்கத்தில், அவள் தோளில் தலை வைத்துக் குழந்தையைப் போலப் படுத்திருந்தான். அவன் மார்பு அம்மாவின் மார்போடு ஏறியது. அவளோடு இறங்கியது. அவன் கண்ணும் திறந்திருந்தது. அவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். மூச்சு உள்ளே போனது.

கட்டிலுக்கு மேல் ஒற்றை விளக்கு. அம்மாவின் மார்பு எழும்பும்போதெல்லாம் அது எரிந்தது, அம்மாவின் செத்த முகத்தை ஊருக்கே காட்டுவது போலப் பளீரென்று காட்டியது, மார்பு தாழும்போது தாழ்ந்தது, மறுபடியும் எரிந்தது.